பழைய பிரெஞ்சு ஊமைப்படக் காதல் காமெடிகள் ஏன் எல்லாம் ஒரே கதையாகத் தெரிகின்றன?

1905-லிருந்து 1914 வரை பிரான்சில் வந்த குட்டி ஊமைப்படங்கள் சிலவற்றைப் பார்த்துவிட்டு நீங்கள் கேட்டிருப்பது இதுதான்: நாயகன் பார்த்த மாத்திரத்தில் காதலில் விழுகிறான், அவள் வீட்டுக்குப் போகிறான், கணவனோ அப்பாவோ வந்துவிடுகிறார், ஒளிகிறான் அல்லது ஓடுகிறான், படம் முடிந்துவிடுகிறது. எல்லாம் ஒரே கதை என்றால் ரசிக்க என்ன இருக்கிறது? மேடை நாடகத்தை அப்படியே படம் பிடித்ததுதானே இது? கேள்வி இரண்டாகத் தெரிந்தாலும் உள்ளே இருப்பது ஒன்றுதான்: இந்தப் படங்களில் கண்ணை எங்கே வைப்பது? காதல் மேல் வைத்தால் ஒன்றும் தேறாது. அது எல்லாவற்றிலும் ஒன்றுதான், எடுத்தவர்களும் அதை மறைக்கவில்லை. கவனிக்க வேண்டியது வேறு. ஒரு அந்நிய ஆண் ஒரு கௌரவமான வீட்டுக்குள் நுழைந்துவிட்டான். எதற்கு வந்தாய் என்று கேட்டால் சொல்ல ஒரு காரணம் வேண்டும். நாடகத்தில் வாயால் பொய் சொல்லித் தப்பிக்கலாம். படத்தில் ஒலி கிடையாது. ஆகவே பொய்யை ஒரு பொருள் சொல்லியாக வேண்டும்: தொப்பி, விசிட்டிங் கார்டு, கழற்றிய செருப்பு. காதலர்களை விட்டுவிட்டு அந்தப் பொருளைப் பின்தொடர்ந்தால், ஒரு படம் இன்னொன்றிலிருந்து எங்கே வேறுபடுகிறது என்பது தெரிய ஆரம்பிக்கும்.

முதலில் அந்த இரண்டு நொடிக் காதல். அது கற்பனை வறட்சி இல்லை, நீளக் கணக்கு. அன்றைய படங்கள் மீட்டர் கணக்கில் அளக்கப்பட்டன. 35 மி.மீ. ஃபிலிமில் ஒரு மீட்டருக்கு ஏறத்தாழ 52 ஃபிரேம். 120 மீட்டர் காமெடி என்றால் சுமார் 6,300 ஃபிரேம். நொடிக்கு 16 ஃபிரேம் வீதம் ஓட்டினால் ஆறரை நிமிடம். ஒரு முழு ரீல் சுமார் 300 மீட்டர். அதுவே பதினாறு நிமிடம் சொச்சம்தான். பாரிஸ் மேடையில் ஃபார்ஸ், அதாவது பொய்யும் குழப்பமும் ஆள்மாறாட்டமுமாக ஓடும் சிரிப்பு நாடகம், மூன்று அங்கம், இரண்டு மணி நேரத்துக்கு மேல். அங்கே முதல் அங்கம் முழுக்க யார் யாருக்கு என்ன உறவு, எவனுக்கு எவள்மேல் கண், எந்தக் கடிதம் யார் கையில் என்று நிதானமாக அடுக்குவார்கள். ஆறரை நிமிடத்தில் அதற்கு இடமே இல்லை. காதலுக்கு இருபது நொடி ஒதுக்கினாலே தாராளம். இந்த அவசரத்தையே கேலிப் பொருளாக்கிய படமும் உண்டு: ழான் துரான் இயக்கத்தில் கோமோன் நிறுவனம் 1912-இல் வெளியிட்ட ‘ஒனேசிம் ஒர்லோழே’. சொத்து கைக்கு வரப் பல ஆண்டுகள் காத்திருக்க வேண்டும் என்று தெரிந்ததும் ஒனேசிம், பாரிஸின் மையக் கடிகாரத்தை முடுக்கிவிடுகிறான். ஊரே தலைதெறிக்க ஓடுகிறது. கல்யாணம் நடக்கிறது, குழந்தை பிறக்கிறது, கண்மூடித் திறப்பதற்குள் அது வளர்ந்து ஆளாகி நிற்கிறது.

மேடையின் நகல்தானா என்ற கேள்விக்குப் பாதி ஆம், பாதி இல்லை. ஆம் என்கிற பாதி சந்தேகமில்லாதது. எழேன் லபிஷ், அவருக்குப் பின் ழார்ஜ் ஃபெதோ ஆகியோரின் நாடகங்களில் ஊறிய நகரம் அது. ஃபெதோவின் ‘லா புஸ் ஆ லொரேய்’ 1907-இல், அதாவது இந்தப் படங்கள் பெருகிக்கொண்டிருந்த அதே சமயத்தில், அரங்கேறியது. நடிகர்களும் அங்கிருந்து வந்தவர்கள்தான். மாக்ஸ் லிண்டர் போர்தோவில் நாடகம் பயின்று பாரிஸ் மேடையில் சிறு வேடங்கள் போட்டுக்கொண்டே 1905-இல் பாதே நிறுவனத்தில் சேர்ந்தார். ரிகதான் என்ற பாத்திரமாகப் புகழ்பெற்ற ஷார்ல் பிரின்ஸ் ஏற்கெனவே பெயர் வாங்கிய மேடை நடிகர். இல்லை என்கிற பாதி இன்னும் முக்கியம். ஃபெதோவின் இயந்திரம் பேச்சில் ஓடுவது. ஒருவன் சொன்னதை இன்னொருவன் தப்பாகப் புரிந்துகொள்வான், அதைச் சமாளிக்க மூன்றாமவன் ஒரு பொய் சொல்வான், அந்தப் பொய் நான்காவது ஆளைக் கொண்டுவந்து நிறுத்தும். இதைப் படமாக்க, காட்சிகளுக்கு நடுவே வசனத்தைக் காட்டும் எழுத்து அட்டைகளால் முடியாது. ஒரு காட்சிக்கு ஐந்து அட்டை போட்டால் சிரிப்பு செத்துவிடும். ஆகவே நல்ல இயக்குநர்கள் நாடகத்திலிருந்து கதவுகளையும் கணவனையும் எடுத்துக்கொண்டு, வசனத்தின் இடத்தில் பொருளை வைத்தார்கள். அது எளிதான மாற்றம் இல்லை.

எப்படி என்று ஒரு படத்தை எடுத்துப் பார்க்கலாம். லிண்டரின் ‘மாக்ஸ் பெதிக்யூர்’ 1914-இல் வந்தது. மாக்ஸ் ஒரு திருமணமான பெண்ணின் வீட்டில் அவள் காலடியில் இருக்கிறான். கணவன் திரும்பி வந்துவிடுகிறான். ஓட வழியில்லை. மண்டியிட்டிருப்பதற்கு என்ன காரணம் சொல்வது? கால் ஆணி எடுப்பவனாக மாறிவிடுகிறான். இங்கே நின்று யோசித்துப் பாருங்கள்: காதலைச் சொல்பவனும் மண்டியிடுவான், கால் பார்ப்பவனும் மண்டியிடுவான். உடம்பு இருந்த இடத்திலேயே இருக்கிறது. பெண்ணின் கால் கைக்கு வந்ததும் அர்த்தம் மட்டும் தலைகீழாகிவிட்டது. ஒரு வார்த்தைகூட வேண்டியதில்லை. அடுத்த திருப்பம் இன்னும் நல்லது. கணவன் சந்தேகப்படவில்லை. நம்பிவிடுகிறான்; நம்பியதால்தான் ஆபத்து. வந்ததே வந்தாய், என் காலையும் பார் என்று நீட்டுகிறான். திறமையான ஃபார்ஸில் பொய் பிடிபடுவது தண்டனை இல்லை, பொய் நம்பப்படுவதுதான் தண்டனை. பணக்கார இளைஞன், பளபளக்கும் உடை, கையில் அந்நியன் ஒருவனின் பாதம். அந்தக் கணவன் வேண்டுமென்று பழிவாங்க நினைத்திருந்தாலும் இதைவிட நன்றாகச் செய்திருக்க முடியாது. இதே சட்டகத்தில் சுமாரான படங்களில் என்ன நடக்கும்? காதலன் அலமாரிக்குள் ஒளிவான், தும்முவான், கண்டுபிடிக்கப்படுவான், உதை வாங்குவான். தும்மல் எந்தக் கதையிலும் வரலாம். கால் ஆணி இந்தக் காட்சிக்கு மட்டுமே சொந்தம்.

இன்னொரு படம், 1911-இல் வந்த ‘மாக்ஸ் விக்திம் து கென்கினா’. இதில் காதல் குறைவு, ஆள்மாறாட்டம் அதிகம். ஆனாலும் பொருளை நம்பி ஒரு கதையைக் கட்டுவது எப்படி என்பதற்கு இதைவிட நல்ல பாடம் இல்லை. உடம்பு தேறட்டும் என்று வைத்தியர் கொய்னாப் பட்டை கலந்த ஒயின் குடிக்கச் சொல்கிறார். மாக்ஸ் பூதாகரமான ஒரு கோப்பையில் அதைக் குடித்துவிட்டுத் தெருவில் இறங்கி, பெரிய பதவியில் இருப்பவர்கள் ஒவ்வொருவரோடும் வம்பிழுக்கிறான். அந்தக் காலத்து வழக்கம் தெரிந்தால்தான் இது புரியும்: அவமானப்பட்ட கனவான் தன் விசிட்டிங் கார்டை எதிராளியிடம் கொடுத்தால் ‘என்னோடு ஒற்றைக்கு ஒற்றைச் சண்டைக்கு வா, உன் சாட்சிகளை இந்த முகவரிக்கு அனுப்பு’ என்று பொருள். இப்படி மாக்ஸ் பையில் கார்டுகள் சேர்கின்றன. குடிபோதையில் தள்ளாடும் அவனைப் பிடிக்கும் போலீஸ்காரர்கள் கார்டைப் பார்த்ததும், இவர்தான் அந்தப் பெரிய மனிதர் என்று நினைத்து சல்யூட் அடித்து, பத்திரமாகக் கொண்டுபோய் அந்த முகவரியில் விட்டுவிடுகிறார்கள். சண்டைக்கு அழைத்தவனின் வீட்டுக்கே, அதுவும் போலீஸ் மரியாதையோடு. சவால் விடக் கொடுத்த கார்டு அடையாள அட்டையாகிவிட்டது. ஒரே துண்டுக் காகிதம், கை மாறும்போது பொருள் மாறுகிறது. அடுத்த கார்டு, அடுத்த வீடு என்று ஒரே தந்திரத்தைத் திரும்பச் செய்கிறார்கள், சலிப்பதில்லை. ஏனென்றால் நமக்கு முன்கூட்டியே தெரிகிறது, வீட்டுக்காரருக்குத் தெரியவில்லை.

ஏன் எப்போதும் அப்பா, மாமியார், கணவன்? ஏன் காதலர்கள் பேசாமல் ஓடிப்போய் மணந்துகொள்வதில்லை? சட்டமும் வரதட்சணையும்தான். 1907-இல் தளர்த்தப்படும் வரை, 25 வயதுக்குட்பட்ட ஆணும் 21 வயதுக்குட்பட்ட பெண்ணும் பெற்றோர் சம்மதமின்றிப் பிரான்சில் மணக்க முடியாது. வசதியான குடும்பங்களில் பெண்ணோடு வரும் பணம் நோட்டரி முன்னிலையில் எழுதப்படும் ஒப்பந்தம். ஆகவே மாமனார் வீட்டு வரவேற்பறைக்கு முதன்முதலாகப் போவது ஒரு பரீட்சை. உடை கசங்கினால்கூடத் தோல்வி. ‘ல ஷாப்போ த மாக்ஸ்’ (1913) முழுக்க இந்த ஒன்றின்மேல்தான் நிற்கிறது. வருங்கால மாமனார் வீட்டுக்குக் கிளம்பும் மாக்ஸின் பட்டுத்தொப்பி வழியில் நசுங்குகிறது, புதிது வாங்குகிறான், அதுவும் போகிறது, மறுபடியும். தொப்பி இல்லாமல் போனால் என்ன என்று இன்று தோன்றும். அன்றைக்கு அது கால்சட்டை இல்லாமல் போவதற்குச் சமம். திருமணமான பெண் விஷயத்தில் விளையாட்டு இன்னும் கடினம். 1884-இல் மணமுறிவுச் சட்டம் வந்தபின், கள்ளக்காதலை நிரூபிக்கக் கணவன் போலீஸ் கமிஷனரை அழைத்துக்கொண்டு வந்து கதவைத் தட்டுவது உண்மையிலேயே நடந்த நடைமுறை. தண்டனையிலும் பாரபட்சம்: மனைவிக்குச் சிறை, கணவனுக்கு, அதுவும் வீட்டுக்குள்ளேயே இன்னொருத்தியைக் குடிவைத்திருந்தால் மட்டும், அபராதம். ஃபார்ஸில் கதவு தட்டப்படும்போது அந்த நடிகர்கள் அப்படிப் பதறுவது மிகை நடிப்பு என்று நினைக்க வேண்டாம்.

காதலன் என்கிற பாத்திரம் காலப்போக்கில் வரன் என்கிற பாத்திரமாகச் சாதுவானதையும் கவனிக்கலாம். 1901-இல் பாதே வெளியிட்ட ‘பார் ல த்ரூ த செர்ரூர்’ ஒரு விடுதி ஊழியன் சாவித்துவாரங்கள் வழியே எட்டிப்பார்ப்பதைத் தவிர வேறொன்றுமில்லை. பத்தாண்டு கழித்து அதே நிறுவனத்தின் நாயகன் பூங்கொத்தோடு முறையாக மணியடித்து உள்ளே வருகிறான். பாதே படங்கள் உலகெங்கும் விற்றன. அமெரிக்கா பெரிய சந்தை. அங்கே பத்திரிகைகள் பிரெஞ்சுப் படங்கள் ஆபாசமானவை என்று தாக்கின, 1909-இல் நியூயார்க்கில் தணிக்கை வாரியமும் வந்தது. இந்த அழுத்தம் இருந்தது உறுதி. அதனால்தான் கணவன் போய் அப்பா வந்தார் என்பது நான் வைக்கும் ஊகம். 1914-இல்கூட ‘பெதிக்யூர்’ போன்ற கணவன் கதைகள் வந்ததால், இதை விதியாக எடுத்துக்கொள்ள முடியாது. உள்ளூரில் நடுத்தர வர்க்கக் குடும்பங்களைக் கொட்டகைக்கு இழுக்க வேண்டிய தேவையும் சேர்ந்திருக்கும்.

லிண்டருக்கு முந்திய கட்டத்தையும் சொல்லிவிட வேண்டும். 1904 முதல் 1908 வரை துரத்தல் படங்களின் காலம். பாதேயின் ‘தீஸ் ஃபாம் பூர் அன் மாரி’ (1905) என்பதில் மனைவி தேவை என்று விளம்பரம் கொடுத்தவனைப் பெண்கள் கூட்டமாகத் துரத்துகிறார்கள். அது சொந்தச் சரக்கல்ல. முந்தைய ஆண்டில் அமெரிக்க பயோகிராஃப் நிறுவனம் எடுத்த ‘பெர்சனல்’ படத்தின் வழி. அதையே எடிசன் நிறுவனமும் நகலெடுத்து வழக்கு வரை போனது. அந்த அமெரிக்கப் படத்தின் நாயகன் ஒரு பிரெஞ்சுப் பிரபு என்பதுதான் வேடிக்கை. துரத்தல் படத்தில் காதல் வெறும் தொடக்க விசை. வேலி, ஓடை, சரிவு என்று ஒவ்வொரு ஷாட்டிலும் எல்லாரும் ஓடி முடித்து ஃபிரேமைக் காலி செய்த பிறகுதான் அடுத்த ஷாட் வரும். கடைசி ஆள் தடுக்கி விழும்வரை கேமரா காத்திருக்கும். இரண்டு பார்த்தால் போதும், பத்து பார்த்தால் அலுக்கும். நீங்கள் பார்த்த பட்டியலில் இந்த வகை அதிகம் இருந்திருந்தால் உங்கள் அலுப்பு நியாயமானதே.

அந்தக் கட்டத்திலேயே விதிவிலக்கு ஆலிஸ் கீ. கோமோன் நிறுவனத்தின் முதல் பெண் இயக்குநர். அவருடைய ‘யூன் ஃபாம் கொலாந்த்’ (1906) ஓரிரண்டு நிமிடம்தான், ஆனால் பொருளால் நடக்கும் காதல் ஃபார்ஸின் சாரம் முழுவதும் அதில் இருக்கிறது. தபால் நிலையத்தில் ஒரு சீமாட்டி, பக்கத்தில் வேலைக்காரி. ஸ்டாம்புகளை ஈரப்படுத்த சீமாட்டிக்கு நாக்கு கிடையாது போலும். வேலைக்காரி நாக்கை நீட்டிக்கொண்டு நிற்க, ஒவ்வொன்றாக அதில் தடவி ஒட்டுகிறாள். மீசைக்காரர் ஒருவர் அந்த நாக்கையே வைத்த கண் வாங்காமல் பார்க்கிறார். கடைசியில் பாய்ந்து முத்தம் கொடுக்கிறார். பசை விடவில்லை. உதடும் உதடும் ஒட்டிக்கொள்கின்றன. இழுத்துப் பார்க்கிறார்கள், முடியவில்லை. கத்தரிக்கோலால் வெட்டிப் பிரிக்கிறார்கள். அவர் மீசை அவள் முகத்துக்குப் போய்விடுகிறது. எஜமானி வேலைக்காரியின் உடம்பை ஒரு கருவியாகப் பயன்படுத்துகிறாள், ஆண் அதையே வேறு விதமாகப் பயன்படுத்தப் பார்க்கிறான், பசை இருவர் கணக்கையும் சேர்த்து முடிக்கிறது. அதே ஆண்டில் அவர் எடுத்த ‘லே ரெசுல்தா து ஃபெமினிஸ்ம்’ ஆண் பெண் வேலைகளை இடம் மாற்றிப்போடுகிறது: ஆண்கள் தையலும் குழந்தை வளர்ப்பும், பெண்கள் மதுக்கடையும் தெருவில் வம்பும். காதலை வற்புறுத்துபவள் பெண், வெட்கி ஒதுங்குபவன் ஆண். இன்று பார்த்தால் அது யாரைக் கேலி செய்கிறது என்பதில் அறிஞர்களுக்குள்ளேயே சண்டை உண்டு. பெண்ணுரிமையையா, அல்லது வழக்கமாக ஆண்கள் நடந்துகொள்ளும் விதத்தையா? இரண்டாவதுதான் என்பது என் கட்சி. அந்தப் பெண்கள் செய்யும் எதுவும் புதிதல்ல, ஆண்கள் செய்வதுதான்.

மற்றவர்களை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். ரிகதான் கூச்ச சுபாவக் காதலன், நிமிர்ந்த மூக்கு, துருத்திய பல். ஜெர்மனியில் மோரிட்ஸ், ஆங்கிலத்தில் விஃபில்ஸ் என்ற பெயர்களில் இவர் படங்கள் ஓடின. தேடும்போது இது உதவும். எனக்கு அவர் படங்களில் மேடை வாடை அதிகம். அந்த முகத்துக்கே சிரித்தாக வேண்டும் என்று எதிர்பார்க்கிறார்கள். ரோசலி என்ற பாத்திரத்தில் வரும் சாரா துயமேல் அப்படியில்லை. ‘லித்தில் மோரிட்ஸ் அன்லேவ் ரோசலி’ (1911) படத்தில் (இந்த மோரிட்ஸ் வேறு ஆள், ரிகதான் அல்ல), காதலியைத் தூக்கிக்கொண்டு ஓட நினைக்கும் நாயகன் அவளில் பாதி இருப்பான். பெண்ணைக் கவர்ந்து போகும் வீர மரபு எடைக் கணக்கில் மாட்டிக்கொள்கிறது. இவை நீஸ் நகரத்துக் கடலோர வெயிலில் எடுத்தவை. தட்டிப்போட்ட செட்டை விட்டு வெளியே வந்த சுகம் தெரியும். ஆந்த்ரே தீட் ஓட்டமும் உடைப்பும்தான், காதலுக்காக அவரைத் தேட வேண்டாம்.

லியோன்ஸ் பெரே தனி ரகம். கோமோனில் 1912-இலிருந்து ‘லியோன்ஸ்’ வரிசையைத் தானே இயக்கி நடித்தார். மனைவியாகப் பெரும்பாலும் சுசான் கிராந்தே. இங்கே காதல் கல்யாணத்துக்குப் பிறகு. ஓட்டமில்லை, உதையில்லை, ஒரு சின்னப் பொய், அது வெளிப்படுதல், சமாதானம். ‘ல ஒமார்’ (1913) படத்தில் மனைவி கடல் இறால் கேட்கிறாள். நானே கடலுக்குப் போய்ப் பிடித்து வருகிறேன் என்று மீனவ உடையில் வீரமாகக் கிளம்பும் கணவன், பேசாமல் காசு கொடுத்து வாங்கிவிடுகிறான். அவள் வீட்டில் கவலையில் தவிக்கிறாள். கணவனின் பொய்யைவிட அவள் கவலையைத்தான் பெரே நிதானமாகக் காட்டுகிறார். காமெடிக்கு இது துணிச்சலான முடிவு. ஜன்னல் வெளிச்சம், நிஜ அறைகள் போலத் தோன்றும் அறைகள், அடக்கமான முகபாவம்: லிண்டரைவிட இவரே மேல் என்று சொல்பவர்களை எனக்குப் புரிகிறது, ஒத்துக்கொள்ளத்தான் மனம் வரவில்லை.

லிண்டரின் ‘மாக்ஸ் ஏ லா தொக்தரெஸ்’ (1914) இந்த இரண்டு கட்டத்தையும், அதாவது கல்யாணத்துக்கு முன்னையும் பின்னையும், ஒரே படத்தில் மடித்து வைக்கிறது. பெண் டாக்டரிடம் போகிறான் மாக்ஸ். சட்டையைக் கழற்றவே கூச்சம். அவள் நெஞ்சில் காது வைத்துக் கேட்கும்போது கூச்சம் கிச்சுகிச்சாகி, அதுவே காதலாகிறது. மணக்கிறார்கள், குழந்தையும் பிறக்கிறது. பிறகு அவன் வீட்டில் குழந்தையோடு உட்கார்ந்திருக்க, அவள் மற்ற ஆண்களின் நெஞ்சில் காது வைக்கிறாள். முதல் பாதியில் அவனுக்குச் சொர்க்கமாக இருந்த அதே செய்கை இரண்டாம் பாதியில் நரகம். நோயாளிகளை அடித்து விரட்டுகிறான். படம் அவன் பக்கம் நிற்கிறது என்பது உண்மைதான், பெண் டாக்டர் என்ற புதுமையைக் கேலி செய்யும் நோக்கமும் வெளிப்படை. ஆனால் ஒரே ஒரு தொடுகையை இரண்டு இடத்தில் வைத்து இரண்டு உணர்ச்சி எடுத்த கைத்திறன் வேறு யாரிடமும் இந்த அளவுக்கு இல்லை.

இனி எப்படிப் பார்ப்பது என்ற நடைமுறை. முதல் தொல்லை வேகம். அன்றைய கேமராவைக் கையால் சுற்றினார்கள். ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம், நொடிக்கு இரண்டு சுற்று, ஆக 16. இணையத்தில் கிடைக்கும் பல பிரதிகள் நொடிக்கு 24 அல்லது 25 என்று ஓடுகின்றன. ஆறரை நிமிடப் படம் நாலரை நிமிடத்துக்கும் கீழே போய்விடும். துரத்தலுக்கு இது பரவாயில்லை, ஃபார்ஸுக்கு விஷம். கணவன் நுழைந்ததும் மாக்ஸ் ஒரு கணம் உறைந்து, பிறகு யோசித்து, பிறகு முகத்தை மாற்றுகிறான். அந்த மூன்றும் ஒரே இழுப்பாகிவிட்டால் யோசனை தெரியாது, பதற்றம் மட்டும் தெரியும். உங்கள் பிரதி சரியா என்று பார்க்க, வரவேற்பறைக் காட்சியில் மேசையிலிருந்து ஏதாவது விழுகிறதா பாருங்கள். முக்கால் மீட்டர் உயரத்திலிருந்து விழும் கனமான பொருள் தரையைத் தொட ஏறத்தாழ 0.4 நொடி ஆகும். 16-இல் எடுத்திருந்தால் ஆறு ஃபிரேம். அதே ஆறு ஃபிரேம் 24-இல் கால் நொடியில் முடிந்துவிடும். அப்படித் தெரிந்தால் பிளேயரில் 0.75 வேகம் வையுங்கள். 24 என்பது 18 ஆகும், கண்ணுக்கு இதமான இடம் அதுதான். சேர்த்திருக்கும் பியானோ இசை இழுக்கும். ஒலியை அணைத்துவிடலாம், எப்படியும் அது பிற்காலத்தில் சேர்த்தது. அளவெடுக்க ஓட்டக் காட்சியைத் தேர்ந்தெடுக்க வேண்டாம்: வேகம் கூடித் தெரிய வேண்டும் என்றே அங்கே கேமராவை மெதுவாகச் சுற்றியிருப்பார்கள். புதிதாகச் சீரமைத்து வெளியிட்டவை பெரும்பாலும் ஏற்கெனவே சரியான வேகத்தில் இருக்கும். அவற்றை இன்னும் மெதுவாக்கினால் நடிகர்கள் தண்ணீருக்குள் நடப்பார்கள்.

இரண்டாவது, கதவுகள். படம் தொடங்கியதும் அறையில் எத்தனை கதவு, எது எங்கே போகிறது என்று ஒரு துண்டுக் காகிதத்தில் கிறுக்கிக்கொள்ளுங்கள். பெரும்பாலும் பின்சுவர் ஒன்று, பக்கக் கதவு இரண்டு. வலப்பக்கம் வெளியேறியவர் அடுத்த அறையில் இடப்பக்கம் நுழைவார். இதைப் பிடித்துக்கொண்டால் வீட்டின் வரைபடம் மனதில் வந்துவிடும். நெருக்கக் காட்சிகள் அரிது, ஒரு காட்சி முழுவதும் பெரும்பாலும் ஒரே ஷாட். ஆகவே ஒளிந்திருப்பவனும் தேடுபவனும் ஒரே ஃபிரேமில் ஒரே நேரத்தில் தெரிந்தாக வேண்டும். திரைச்சீலையும் மடக்குத் தட்டியும் மேசையும் ஃபிரேமின் ஓரத்தில் நிற்பது அதனால்தான். கண் தானாக நடுவில் ஓடுபவரிடம் போகும். ஓரத்தைப் பாருங்கள், பாதிச் சிரிப்பு அங்கேதான் இருக்கும். கூடவே லிண்டரின் பார்வை. கணவன் முதுகைக் காட்டும் கணத்தில் நேராக நம்மைப் பார்ப்பார். மேடையில் பாத்திரம் சபையோரிடம் தனியாகச் சொல்லும் வசனத்தின் வேலையை அந்த அரை நொடிப் பார்வை செய்கிறது.

மூன்றாவது, கதை புரியாமல் போவது. குறை பெரும்பாலும் உங்களுடையது அல்ல. பல படங்களில் எழுத்து அட்டைகள் தொலைந்துவிட்டன, அல்லது வெளிநாட்டுப் பிரதியிலிருந்து டச்சு, ஜெர்மன் அட்டைகளோடு மீண்டன. ஆம்ஸ்டர்டாமின் ஐ (Eye) திரைப்பட அருங்காட்சியகத்தில் உள்ள, தெஸ்மெத் என்ற டச்சுப் பட விநியோகஸ்தரின் தொகுப்பு இப்படிப் பல பிரெஞ்சுக் காமெடிகளைக் காப்பாற்றியது. காட்சி திடீரென்று தாவினால் அங்கே ஒரு கடிதமோ அட்டையோ விழுந்திருக்கிறது என்று எடுத்துக்கொள்ளலாம்.

எதை நம்பலாம், எதை நம்பக் கூடாது என்பதையும் சொல்லியாக வேண்டும். நிறுவனம், ஏறத்தாழ ஆண்டு, முக்கிய நடிகர்: இவை பெரும்பாலும் உறுதி. தயாரித்த ஆண்டும் வெளியான ஆண்டும் வேறுபடுவதால் ஒரு வருடம் முன்பின் இருக்கும். அதற்காகச் சண்டை போட வேண்டாம். இயக்குநர் பெயர்தான் ஆபத்து. 1908-க்கு முந்தைய படங்களில் பெயர் அட்டையே கிடையாது. பாதே படம் என்றாலே ஸெக்கா, கோமோன் படம் என்றாலே ஆலிஸ் கீ என்று பின்னால் ஒட்டிய சீட்டுகள் பல. லிண்டரின் ஆரம்பப் படங்களை லூயி கஸ்னியே போன்றவர்கள் இயக்கினார்கள், 1911 வாக்கிலிருந்து அவரே என்பது பொதுவாக ஏற்கப்பட்ட கணக்கு. சாப்ளின் லிண்டரைக் காப்பியடித்தார் என்று இணையத்தில் அடித்துச் சொல்வார்கள். சாப்ளின் தன் புகைப்படம் ஒன்றில், தன்னைச் சீடன் என்றும் லிண்டரை ஆசான் என்றும் குறிப்பிட்டுக் கையெழுத்திட்டுக் கொடுத்தது உண்மை. எந்தத் தந்திரம் யாரிடமிருந்து என்று ஒவ்வொன்றாகக் கோடு போடுவது வேறு விஷயம். இருவரும் குடித்ததே பொதுக் கிணற்றில்தான்: இசையரங்கு, சர்க்கஸ், மேடை.

எங்கே தொடங்குவது என்றால்: முதலில் ‘யூன் ஃபாம் கொலாந்த்’, அடுத்து ‘கென்கினா’, பிறகு ‘பெதிக்யூர்’, அதன்பின் ‘ல ஒமார்’. இடையில் ஒரு துரத்தல் படம் போதும். ஒரே இரவில் நான்குக்கு மேல் வேண்டாம்; அன்றைக்கே இவை செய்திப்படம், பயணப்படம், சோகப்படம் இவற்றுக்கு நடுவே ஒன்று என்ற கணக்கில்தான் காட்டப்பட்டன, வரிசையாகப் பார்ப்பதற்கென்று யாரும் எடுக்கவில்லை. இந்தப் பாணி நீளப்படத்தில் எப்படித் தாங்குகிறது என்று தெரிய வேண்டுமானால் லிண்டர் 1921-இல் அமெரிக்காவில் எடுத்த ‘பி மை வைஃப்’ பாருங்கள்: காதலிக்கும் அவள் வீட்டாருக்கும் தன் வீரத்தைக் காட்ட, திரைச்சீலைக்குப் பின்னால் இல்லாத திருடனோடு தானே இரண்டு ஆளாகச் சண்டை போடுகிறார். முழங்காலும் கையும் செருப்பும் மட்டும் சீலைக்கு வெளியே தெரியும். அந்தக் காட்சிக்காக மட்டுமே அந்தப் படத்தைப் பார்க்கலாம். மற்ற நேரம் கொஞ்சம் இழுக்கும்.